முசிதோரா: கறுப்பு உடைக்கு வெளியே

எடிட்டிங் என் தொழில். முகத்தில் சின்ன அசைவு வந்தாலும் "க்ளோஸ்-அப் போடுங்க" என்று கேட்கிற காலத்தில் வேலை பார்க்கிறேன். அதனாலேயே லூயி ஃபெயாத் 1915-இல் எடுக்கத் தொடங்கிய 'லே வாம்பீர்' மௌனத் தொடர்படம் என்னை உலுக்கியது. பத்துப் பகுதிகள், ஏறத்தாழ ஏழு மணி நேரம். கேமரா பெரும்பாலும் நின்ற இடத்திலேயே நிற்கும், வெட்டு குறைவு. அவ்வளவு தள்ளி நின்று பார்த்தாலும், கொள்ளைக்கூட்டத்து இர்மா வெப் ஃபிரேமுக்குள் வந்துவிட்டால் கண் வேறெங்கும் போவதில்லை. உடலை இறுக்கிப் பிடித்த கறுப்பு உடை, மை தீட்டிய பெரிய கண்கள். தோளை ஒருபக்கம் சாய்த்து அவர் நிற்கும் விதத்திலேயே அடுத்து என்ன செய்யப்போகிறார் என்பது தெரிந்துவிடும்.

மூன்றாம் பகுதியில் ஒரு பத்திரிகையாளன் கேளிக்கை விடுதி வாசலில் சுவரொட்டியைப் பார்க்கிறான். அதிலுள்ள 'இர்மா வெப்' என்ற பெயரின் எழுத்துகள் நம் கண்முன்னே இடம் மாறி 'வாம்பீர்' ஆகின்றன. அந்த ஷாட்டை எத்தனை முறை ஓட்டிப் பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை. குற்றத்தைப் புகழ்கிறது என்று பாரிஸ் போலீஸ் இத்தொடரைச் சில காலம் தடைசெய்தும் வைத்தது.

இர்மா வெப்பாக நடித்த முசிதோராவின் இயற்பெயர் ழான் ரோக். 1889-இல் பாரிஸில் பிறந்தவர். தந்தை இசையமைப்பாளர், சோஷலிசவாதி. தாய் பெண்ணுரிமைக்காகக் குரல் கொடுத்தவர். தையல் வேலை செய்யும் பெண்களின் துயரைச் சொன்ன 1914-ஆம் ஆண்டுப் படம் ஒன்றில்தான் முதலில் நடித்தார். முசிதோரா என்ற பெயரைத் தெயோஃபில் கோத்தியேயின் நாவலிலிருந்து தானே எடுத்து வைத்துக்கொண்டார்.

கறுப்பு உடையோடு அவர் கதையை முடித்துவிடுகிறார்கள் என்பதுதான் என் ஆதங்கம். எழுத்தாளர் கொலெத் அவருக்கு நெருங்கிய தோழி. கொலெத் எழுதிய கதையையே 'லா ஃப்ளாம் காஷே' என்று படமாக்கினார். அந்தப் படம் இன்று இல்லை. பிறகு சொந்தமாகத் தயாரிப்பில் இறங்கி ஸ்பெயினுக்குப் போனார். 1922-இல் வந்த 'சோலே எ ஓம்ப்ர்' படத்தில் இரண்டு வேடங்களில் நடித்தவரும் அவரே. குதிரைமேல் அமர்ந்து காளையோடு மோதும் அன்டோனியோ கன்யேரோவைக் காதலித்து, அவரை வைத்து 1924-இல் ஆண்டலூசியாவில் இன்னொரு படமும் எடுத்தார். அந்தப் படம் திரையில் ஓடும்போதே இவர் மேடையில் நேரில் தோன்றி நடித்தார்.

நடிப்பு ஓய்ந்த பிறகும் பேனா ஓயவில்லை. 1928-இல் 'அராபெல்லா எ ஆர்லெகின்', 1934-இல் 'பாரோக்ஸிஸ்ம்' என நாவல்கள், பின்னர் கவிதைகள். அவர் எழுதியது போக, சர்ரியலிச எழுத்தாளர்கள் பிரெத்தோனும் அராகோனும் அவருக்காகவே ஒரு நாடகம் எழுதினார்கள்.

கடைசிக் காலத்தில் ஹென்றி லாங்ல்வாவின் சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தில் வேலை பார்த்தார். மௌனப்படக் காலத்துக் கலைஞர்களைத் தேடிப்போய் அவர்கள் நினைவுகளைத் திரட்டினார். சில நாள் டிக்கெட்டும் கொடுத்தார். 1957-இல் காலமானார்.

பார்க்க விரும்புகிறவர்கள் 'லே வாம்பீர்' மூன்றாம் பகுதியில் தொடங்கலாம். அதோடு நிறுத்தாமல் 'சோலே எ ஓம்ப்ர்' படத்தையும் பாருங்கள். அதில் கேமராவுக்கு முன்னாலும் பின்னாலும் இருப்பது அவர்தான்.