ராட் செர்லிங்

அமெரிக்க நாட்டில் தொலைக்காட்சி பரவத் தொடங்கிய காலத்தில், அதற்கென நாடகம் எழுதுவோர்க்குப் புதியதோர் இடர்ப்பாடு தோன்றிற்று. நாடக அரங்கிற்குச் செல்வோர் நுழைவுச் சீட்டுக்குப் பணம் தருவர். தொலைக்காட்சி காண்போரோ அந்நாளில் அவ்வாறு தரவில்லை. ஆதலின், தம் பண்டங்களை விளம்பரப்படுத்த விரும்பிய வணிக நிறுவனத்தாரே நிகழ்ச்சிகளின் செலவை ஏற்றனர். செலவை ஏற்றவர்கள், நாடகத்தில் இன்ன சொல் வரலாம், இன்ன சொல் வரலாகாது என விதிக்கும் அதிகாரத்தையும் மேற்கொண்டனர். இந்நிலையிலும் தாம் கூற விரும்பியதைக் கூறுவதற்கு வழி கண்டவர் ராட் செர்லிங் என்பவர். அவர் வானொலி, தொலைக்காட்சி, திரைப்படம் ஆகிய மூன்றிற்கும் எழுதினார், தயாரிப்பாளராகவும் விளங்கினார்.

செர்லிங் 1924ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள் நியூயார்க் மாநிலத்துச் சிரக்யூஸ் நகரில், யூதக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். பிங்ஹாம்டன் என்னும் ஊரில் வளர்ந்தார். பள்ளிப் படிப்பு முடிந்ததும் பாராசூட் படையில் சேர்ந்து, இரண்டாம் உலகப் போரில் பிலிப்பைன்ஸ் தீவுகளில் போரிட்டுக் காயமுற்றார். அங்கே ஒரு நாள், பசித்திருந்த வீரர்களுக்காக வானூர்தியிலிருந்து உணவுப் பெட்டிகள் வீசப்பட்டன. அவற்றுள் ஒன்று செர்லிங்கின் நண்பர்மீது விழ, அவர் அவ்விடத்திலேயே மாண்டார். பசி தீர்க்க வந்த பொருளே உயிரைக் கவர்ந்தது! நினையாத ஒன்று நொடிப்பொழுதில் வாழ்வைப் புரட்டிவிடும் என்னும் எண்ணம் செர்லிங்கின் கதைகளில் அடிக்கடி தலைகாட்டுவதற்கு இந்நிகழ்ச்சியும் ஒரு காரணம் எனலாம்.

போர் முடிந்தபின் ஒகையோ மாநிலத்து ஆண்டியாக் கல்லூரியில் பயின்றார். வானொலிக்கு எழுதிப் பழகினார். அவர் அனுப்பிய நாடகங்கள் பல திரும்பி வந்தன. எனினும் அவர் எழுதுகோலைக் கீழே வைத்தாரல்லர். 1955ஆம் ஆண்டு சனவரித் திங்களில் 'பேட்டர்ன்ஸ்' என்னும் அவருடைய நாடகம் ஒளிபரப்பாயிற்று. பெரிய நிறுவனம் ஒன்றில் நெடுநாள் உழைத்த முதியவர் ஒருவரைத் தலைவர் சிறிது சிறிதாக அவமதித்து வெளியேற்ற முயல்வதே அதன் கதை. அந்நாளில் இத்தகைய நாடகங்கள் நேரடியாக நடித்து ஒளிபரப்பப்பட்டன. ஒருமுறை நடித்ததை மறுமுறை நடிக்கும் வழக்கம் அரிது. 'பேட்டர்ன்ஸ்' நாடகமோ நான்கு வாரங்கழித்து மீண்டும் நடிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு, தளர்ந்துபோன குத்துச்சண்டை வீரன் ஒருவனைப் பற்றி அவர் எழுதிய 'ரெக்குயம் ஃபார் எ ஹெவிவெயிட்' அவர் புகழை நாடெங்கும் நிறுத்தியது. இவ்விரண்டும் பின்னர்த் திரைப்படங்களாயின.

புகழ் வந்தபின்னும் தளை நீங்கவில்லை. அவருடைய நாடகம் ஒன்றில் ஒருவன் தீக்குச்சி உண்டா என்று கேட்பதாக ஒரு வரி இருந்தது. செலவை ஏற்றவர் சிகரெட் பற்றவைக்கும் லைட்டர் விற்பவர். ஆதலால் அவ்வரி நீக்கப்பட்டது. இது நகைப்புக்கு இடமான செய்தி. மற்றொரு நிகழ்ச்சியோ நகைத்து விடத்தக்கதன்று. 1955ஆம் ஆண்டு மிசிசிப்பி மாநிலத்தில் எம்மெட் டில் என்னும் பதினான்கு வயதுக் கறுப்பினச் சிறுவன் கொடுமையாகக் கொல்லப்பட்டான். குற்றம் சாட்டப்பட்ட வெள்ளையர் இருவரையும், வெள்ளையரே நிறைந்த நடுவர் குழு விடுதலை செய்தது. இக்கொடுமையால் உள்ளம் கொதித்த செர்லிங், அதனை அடிப்படையாகக் கொண்டு ஒரு நாடகம் எழுதினார். தென்மாநிலங்களில் தம் வாணிகம் கெடும் என அஞ்சியவர்கள் அதில் கைவைத்தனர். கொலையுண்டவன் கறுப்பினத்தவனாக இல்லாமல், பெயரற்ற அயல்நாட்டான் ஆனான். கதை நிகழும் இடம் வடகிழக்குக்குப் பெயர்ந்தது. 1956ஆம் ஆண்டு அந்நாடகம் ஒளிபரப்பானபோது, அதில் உடல் இருந்தது, உயிர் இல்லை.

நேர்வழி அடைபட்டதை உணர்ந்த செர்லிங் வேறு வழி தேடினார். இன்றைய ஊரில் இன்றைய மனிதன் பேசக்கூடாத ஒன்றை, வேற்றுக் கோளிலோ வருங்காலத்திலோ வாழும் ஒருவன் பேசினால் தடுப்பார் யார்? 1959ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் 'ட்விலைட் சோன்' என்னும் தொடர் தொடங்கியது. பகலும் இரவுமல்லாத அந்திப் பகுதி என்பது அத்தலைப்பின் பொருள். 1964ஆம் ஆண்டுவரை வந்த 156 கதைகளில் 92 கதைகளைச் செர்லிங்கே எழுதினார்.

அவற்றுள் 1960ஆம் ஆண்டில் வந்த ஒரு கதை கருதத்தக்கது. அமைதியான தெரு ஒன்றில் திடீரென விளக்குகள் அணைகின்றன, ஊர்திகள் நின்றுவிடுகின்றன. வேற்றுக் கோளினர் மனித வடிவில் நம்மிடையே இருக்கலாம் என்று ஒரு சிறுவன் சொல்லிவைக்கிறான். அவ்வளவே! நேற்றுவரை அண்டை வீட்டினராய் அளவளாவியவர்கள் ஒருவரையொருவர் ஐயுறுகின்றனர். இருளில் நடந்து வந்த ஒருவரைப் பகைவரெனக் கருதிச் சுட்டுக் கொல்கின்றனர். மெய்யாகவே வந்திருந்த வேற்றுக் கோளினர் இருவர் குன்றின்மேல் நின்று இதனைப் பார்க்கின்றனர். மனிதரை வெல்லப் படை வேண்டுவதில்லை, விளக்கை அணைத்தாலே போதும் என அவர்கள் கண்டுகொள்கின்றனர். பொதுவுடைமையர் எனப் பலர்மீது ஐயப்பட்டு அமெரிக்கா அலைக்கழிந்த ஆண்டுகளை இக்கதை சுட்டுகின்றது. நேரே எழுதியிருந்தால் இது திரையேறியிருக்குமா என்பது ஐயமே.

இத்தொடரில் செர்லிங் எழுத்தாளராக மட்டும் இருந்தாரல்லர். தயாரிப்புக்கென நிறுவனம் ஒன்றை அமைத்துத் தலைமைத் தயாரிப்பாளரும் ஆனார். தாம் விடுமுறைதோறும் தங்கிய கயூகா ஏரியின் பெயரையே அதற்கு இட்டார். தயாரிப்பாளரின் நாற்காலி தம் எழுத்தைக் காக்கும் வேலியாகும் என்பதை அவர் அறிந்திருந்தார். அவ்வேலி இல்லாதபோது நேர்ந்ததைப் பின்னாளில் வந்த 'நைட் கேலரி' காட்டிற்று. 1970ஆம் ஆண்டு முதல் 1973ஆம் ஆண்டுவரை நடந்த அத்தொடரில் அவர் முகமும் எழுத்தும் இடம்பெற்றன. ஆட்சி பிறரிடம் இருந்தது. அவர் எழுதியவை சில மறுக்கப்பட்டன. அவர் மனம் வருந்தினார்.

திரைப்படத் துறையிலும் அவர் பெயர் நிலைத்தது. 1964ஆம் ஆண்டில் வெளிவந்த 'செவன் டேஸ் இன் மே', படைத்தலைவர்கள் ஆட்சியைக் கைப்பற்றச் சூழ்வதைக் கூறுவது. 1968ஆம் ஆண்டில் வந்த 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' படத்தின் திரைக்கதையை மைக்கேல் வில்சனும் அவரும் எழுதினர். எழுத்துக்காக ஆறு எம்மி விருதுகள் செர்லிங்கை அடைந்தன.

இறுதி ஆண்டுகளில் இத்தாக்கா கல்லூரியில் மாணவர்க்கு எழுத்துக்கலை பயிற்றினார். திரையில் தோன்றும்போதும் கையில் சிகரெட்டுடன் தோன்றும் அளவிற்குப் புகைப்பழக்கம் அவரைப் பற்றியிருந்தது. நெஞ்சு நோய் கண்டு, 1975ஆம் ஆண்டு சூன் 28ஆம் நாள் தம் ஐம்பதாம் வயதில் ராச்செஸ்டர் நகரில் காலமானார். கயூகா ஏரிக்கு அருகேயுள்ள இன்டர்லேக்கன் என்னும் சிற்றூரில் அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது.