மேன்முறையீட்டிலே புதிய சான்று

காணி வழக்கொன்றிலே தோற்ற ஒருவர், சில நாட் கழித்துப் பாட்டனாரின் பெட்டகத்தைக் கிளறுகின்றார். அடியிலே மஞ்சள் படிந்த உறுதியொன்று அகப்படுகின்றது. வழக்குக்குரிய அதே காணியைப் பற்றிய உறுதி அது. 'நீதிபதி இதனைக் கண்டிருந்தால் தீர்ப்பு வேறாயிருக்குமே' என்று அவர் நெஞ்சம் பதைக்கின்றது. மேன்முறையீட்டுக்குரிய காலம் இன்னுங் கடந்துவிடவில்லை. அங்கே இவ்வுறுதியைக் காட்டலாமா?

இதற்கு ஒரே சொல்லில் விடை கூறல் இயலாது. மேன்முறையீடு என்பது வழக்கை அடியிலிருந்து மீண்டும் நடத்துவதன்று. முதல் நீதிமன்றத்திலே பதிவான சாட்சியத்தைக் கொண்டு, அங்கே செய்யப்பட்ட முடிவு சரியானதா என்று ஆராய்வதே அதன் பணி. தோற்றவருக்கு உண்மை வெளிவரவேண்டுமென்ற ஆவல் உண்டு. வென்றவருக்கோ வழக்கு ஒருநாள் முடியவேண்டுமென்ற நியாயம் உண்டு. சட்டம் இவ்விரண்டையும் சீர்தூக்க வேண்டியிருக்கின்றது.

அதற்கான அளவுகோலை இங்கிலாந்தின் மேன்முறையீட்டு நீதிமன்றம் 1954 ஆம் ஆண்டிலே 'லாட் எதிர் மார்ஷல்' என்னும் வழக்கில் வகுத்தது. வீடு வாங்கும் பேரமொன்றிலே 1000 பவுணைக் காசாகக் கொடுத்ததாக வழக்காளி கூறினார், எதிராளி மறுத்தார். எதிராளியின் மனைவி சாட்சிக் கூண்டிலேறித் தமக்கு நினைவில்லை என்றார். வழக்காளி தோற்றார். பின்னர் அக்கணவன் மனைவியரிடையே மணவிலக்கு வழக்கு எழுந்தது. அதன் பின்பு, பணம் கைமாறியதைத் தாம் கண்டதாகச் சொல்ல அம்மாது முன்வந்தார்.

புதிய சான்றை ஏற்பதற்கு மூன்று நிபந்தனைகள் நிறைவேற வேண்டும் என நீதியரசர் டெனிங் எடுத்துரைத்தார். முதலாவது, தக்க முயற்சி செய்திருந்தும் முதல் விசாரணைக்கு அச்சான்றைப் பெற்றிருக்க முடியாது என்பது. இரண்டாவது, அது வழக்கின் முடிவைத் தனியே தீர்மானிக்காவிடினும், முடிவிலே முக்கியமான செல்வாக்குச் செலுத்தக்கூடியதாதல். மூன்றாவது, மறுக்கவே முடியாததாக இராவிடினும், பார்வைக்கு நம்பத்தக்கதாதல்.

அம்மாதின் புதுச் சொல் மூன்றாவது நிபந்தனையிலே இடறிற்று. முன்பு பொய் சொன்னதாகத் தாமே ஒப்புக்கொள்பவரை நம்புவதெங்ஙனம்? அச்சுறுத்தலினாலோ கைக்கூலியினாலோ அப்பொய் பிறந்ததெனக் காட்டியிருந்தால் நிலைமை வேறாகலாம். அத்தகைய காரணம் போதியளவு காட்டப்படவில்லை. மேன்முறையீடு தள்ளுபடியாயிற்று. உண்மைக்கே கதவு அடைக்கப்பட்டதோ என்ற ஐயம் எழுதல் இயல்பே. ஆயின், சாட்சி மனம் மாறுந்தோறும் தீர்ப்பும் மாறுமானால் சத்தியஞ் செய்து சொல்வதற்கு என்ன மதிப்பு எஞ்சும்?

1999 ஆம் ஆண்டிலே இங்கிலாந்தில் புதிய குடியியல் நடைமுறை விதிகள் வந்த பின்னரும் இந்நிபந்தனைகள் வழிகாட்டியாகவே நிற்கின்றன. இலங்கையில் 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 139 (2) ஆம் உறுப்புரை, நீதி வேண்டுமிடத்து மேலதிகமான புதிய சான்றை ஏற்க மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அதிகாரமளிக்கின்றது. அவ்வதிகாரத்தை எப்போது பயன்படுத்துவது என்பதில் இந்நாட்டு நீதிமன்றங்களும் அதே மூன்று நிபந்தனைகளை நோக்குகின்றன.

இனிப் பெட்டகத்து உறுதிக்கு வருவோம். அது பதிவு செய்யப்பட்ட உறுதியாயின், காணிப் பதிவகத்திலே முன்னரே தேடியிருக்கலாமே என்ற கேள்வி எழும். பெட்டகமும் அவர் வீட்டிலேயே இருந்தது. முதல் நிபந்தனையே அவருக்கு மலையாய் நிற்கும். அவ்வுறுதி மறுதரப்பாரின் கையில் மறைந்திருந்து பின்னர் வெளிப்பட்டதாயின் கதை வேறு. எவ்வாறாயினும், கண்ட அன்றே சட்டத்தரணியிடம் செல்லல் வேண்டும். எங்கே, எப்போது கிடைத்தது, ஏன் முன்னர் கிடைக்கவில்லை என்பவற்றைச் சத்தியக் கடதாசியிலே மறையாது கூறல் வேண்டும். தாமதம் ஐயத்தை வளர்க்கும்.

காற்றுள்ளபோதே தூற்றிக்கொள் என்பது முதுமொழி. வழக்காடுவோருக்குக் காற்று வீசும் களம் முதல் நீதிமன்றமே. பெட்டகத்தைத் திறக்க வேண்டிய நாள் தீர்ப்புக்குப் பிந்திய நாளன்று; வழக்குத் தொடங்குவதற்கு முந்திய நாளே.