வயிற்றில் கண்டதும் ஏட்டில் எழுதியதும்

ஏறாவூரில் எமது அயலவர் ஒருவர், வளைகுடா நாடொன்றிற் பல ஆண்டுகள் தொழில் புரிந்து ஊர் திரும்பியவர், ஒரு மாலைப் பொழுதில் மடித்த கடதாசி ஒன்றுடன் எம் இல்லத்திற்கு வந்தார். அந்நாட்டு வைத்தியசாலையிற் காப்புறுதிக்கென எழுதிக் கொடுத்த கடதாசி அது. அதில் "ஆர் 16.1" என்றொரு குறியீடு இருந்தது.

"சேர், இது கென்சருக்கு உள்ள நம்பரா? மறைக்காமச் சொல்லுங்க" என்றார்.

மனைவிக்கும் காட்டாமல் இரண்டு மாதமாக அதைப் பெட்டிக்குள் வைத்திருந்தாராம். நோய்க்கு அஞ்சி வைத்தியரிடம் போகாதிருந்தவர் பலரை நாம் அறிவோம். ஓர் எண்ணுக்கு அஞ்சிப் போகாதிருந்தவரை அன்றுதான் கண்டோம்.

நாம் மருத்துவர் அல்லோம். எனினும் அவ்வெண்ணின் பொருளைத் தேடி அறிவது கடினமன்று. "வேறிடத்தில் வகைப்படுத்தப்படாத மண்ணீரல் வீக்கம்" என்பதே அதன் பொருள். இடப்பக்க விலாவின் கீழுள்ள மண்ணீரல் பெருத்திருப்பதை வைத்தியர் கண்டார். அது ஏன் பெருத்தது என்பது அன்றைக்கு அவருக்குத் தெளிவாகவில்லை. இவ்வளவே அக்கடதாசி கூறிய செய்தி. அது ஒரு நோயின் பெயரன்று. வயிற்றைச் சோதித்தபோது கண்ட ஓர் அடையாளத்தின் பெயர்.

வயிற்றைச் சோதிக்கும் வைத்தியர் நான்கு காரியங்களைச் செய்கிறார். கண்ணாற் பார்க்கிறார், கையால் அழுத்தி உணர்கிறார், விரலால் தட்டி ஒலி வேறுபாட்டை நோக்குகிறார், ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் குடலின் ஓசையைக் கேட்கிறார். சுகதேகியின் மண்ணீரல் பொதுவாகக் கைக்குத் தட்டுப்படுவதில்லை. ஆழ்ந்து மூச்செடுக்கச் சொல்லும்பொழுது அது விலாவின் கீழிருந்து இறங்கி விரல்நுனியைத் தொடுமாயின், அது பெருத்திருக்கிறது என்று கொள்வர். மலேரியா, ஈரல் நோய், இரத்த நோய் எனக் காரணங்கள் பலவாகலாம்.

இந்த ஓர் அடையாளத்தை எண்ணிக் கணக்கிட்டதனால் விளைந்த நன்மைக்கு எமது நாடே சான்று. கிழக்கிலங்கை உள்ளிட்ட உலர் வலயத்தில் மலேரியா நெடுங்காலம் நிலைகொண்டிருந்தது. ஓர் ஊரில் அந்நோய் எவ்வளவு வேரூன்றியுள்ளது என்பதை அறிய, சுகாதாரப் பகுதியார் சிறுவரின் வயிற்றைத் தொட்டுப் பார்த்து, மண்ணீரல் பெருத்தவர் நூற்றுக்கு எத்தனை பேர் என்று கணக்கெடுத்தனர். பத்துக்குக் குறைந்தால் நோய் சொற்பம். ஐம்பதுக்கு மேற்பட்டால் மிகுதி. 1934-35ஆம் ஆண்டுகளில் ஏறக்குறைய 80,000 உயிரைக் கொள்ளை கொண்ட மலேரியாவின் நாடு, 2016ஆம் ஆண்டில் அந்நோய் அற்ற நாடு என உலக சுகாதார ஸ்தாபனத்தின் சான்றிதழைப் பெற்றது. அந்நெடும் போராட்டத்தில் சிறுவரின் வயிற்றைத் தொட்டறிந்த கைகளுக்கும், கண்டதை ஏட்டில் எழுதிய கைகளுக்கும் பங்குண்டு.

உலகம் முழுவதும் ஒரே முறையாக நோய்களை எண்ணவேண்டும் என்ற எண்ணம் பழையதே. பிரெஞ்சுப் புள்ளிவிபர அறிஞர் ஜாக் பெர்த்திய்யோன் 1893ஆம் ஆண்டில் மரண காரணங்களின் பட்டியல் ஒன்றை முன்வைத்தார். 1948இல் ஆறாம் திருத்தத்தின்போது அப்பணியை உலக சுகாதார ஸ்தாபனம் ஏற்று, மரணத்தோடு நோய்களையும் பட்டியலிற் சேர்த்தது. பத்தாம் திருத்தம் 1990இல் அங்கீகரிக்கப்பட்டது. எம் அயலவரின் கடதாசியில் இருந்தது அதற்குரிய குறியீடே. பதினோராம் திருத்தம் 2022ஆம் ஆண்டு தை முதலாந் திகதி நடைமுறைக்கு வந்ததாயினும், நாடுகள் படிப்படியாகவே அதற்கு மாறி வருகின்றன.

பத்தாம் திருத்தத்தில் "ஆர்" என்னும் எழுத்தைத் தாங்கிய அத்தியாயம், காரணம் இன்னும் துணியப்படாத அடையாளங்களுக்கு உரியது. வயிற்று வலிக்கு ஆர் 10. ஈரல், மண்ணீரல் வீக்கத்திற்கு ஆர் 16. வயிற்றில் நீர் தேங்குவதற்கு, அஃதாவது நம் முன்னோர் மகோதரம் என்றதற்கு, ஆர் 18. வயிற்றில் தட்டுப்படும் கட்டிக்கு ஆர் 19.0, வயிறு பலகைபோல் இறுகுவதற்கு ஆர் 19.3. காரணம் தெளிவானதும் இவ்வெழுத்தை விட்டு நோயின் குறியீட்டையே எழுதவேண்டும் என்பது விதி. வலி குடல்வால் அழற்சியால் வந்ததென்று தெரிந்தால் அதற்குரிய "கே 35" வரவேண்டுமேயன்றி வலியின் எண் நிற்கலாகாது.

ஆகவே "ஆர்" என்பது "இன்னும் அறியோம்" என்று நேர்மையுடன் கூறும் எழுத்து. அறியாததை அறிந்ததுபோல் எழுதுவதினும் அது மேலானது. ஆனால் அறிந்த பின்னரும் அவ்வெழுத்தே நிற்குமாயின் கேடு விளையும். எமது அரசாங்க வைத்தியசாலைகளில் தங்கிச் சிகிச்சை பெறுவோரின் கணக்கு சுகாதார அமைச்சின் மருத்துவப் புள்ளிவிபரப் பிரிவுக்குச் செல்கிறது. வைத்தியசாலைக்கு மக்களைக் கொணரும் காரணங்களுள் இந்த "அடையாளங்கள்" என்னும் தொகுதி முன்வரிசையில் வருவது வழக்கம். நூறு பேர் வயிற்று வலி என்று மட்டும் எழுதப்பட்டால், அவர்களுள் டெங்குவினால் வருந்தியவர் எத்தனை பேர், ஈரல் நோயாளர் எத்தனை பேர் என்பதை ஏடு சொல்லாது. ஏடு சொல்லாத நோய்க்கு மருந்தும் வைத்தியரும் போதிய அளவில் எங்ஙனம் ஒதுக்கப்படும்?

இதில் நமக்கும் கடமை உண்டு. வலி எப்பொழுது தொடங்கியது, எவ்விடத்தில், காய்ச்சல் இருந்ததா, உண்ட மருந்துகள் எவை என்பவற்றை ஒளிக்காது கூறவேண்டும். வைத்தியசாலையை விட்டு வரும்போது தரும் அட்டையைப் பேணி, குறித்த நாளில் மீண்டும் செல்லவேண்டும். வலி தணிந்ததும் போகாது விடுபவரின் "ஆர்" என்றும் "ஆர்" ஆகவே நின்றுவிடும். டெங்குக் காய்ச்சலில் வயிற்று வலி கடுமையானாலோ, வலியோடு வயிறு இறுகினாலோ, குறித்த நாளுக்கும் காத்திராது உடனே செல்லவேண்டும்.

இவற்றையெல்லாம் எம் அயலவருக்கு எடுத்துக் கூறினோம். மறுநாட் காலையே அக்கடதாசியுடன் வைத்தியசாலைக்குப் புறப்பட்டார். இம்முறை மனைவியும் உடன் சென்றார். இரத்தப் பரிசோதனைகளும் படப்பிடிப்பும் முடியச் சில வாரங்கள் ஆயின. இப்பொழுது அவரிடமுள்ள அட்டையில் ஒரு நோயின் பெயர் உண்டு. அதற்கான மருந்தும் தொடங்கிவிட்டது. அப்பெயரை இங்கே எழுதுவது முறையன்று. பெட்டிக்குள் இருந்த இரண்டு மாதங்களை மாத்திரம் அவர் இன்னும் நினைந்து வருந்துகிறார்.