கடன் 20 லட்சம், கட்டுவது 43 லட்சம்!

திருவண்ணாமலை நகரிலிருந்து வேலூர் சாலையில் புறப்பட்டால் வேங்கிக்கால். மாவட்ட ஆட்சித் தலைவரின் அலுவலகம் அமைந்த ஊர். 1989-இல் திருவண்ணாமலை தனி மாவட்டமாயிற்று. அதன்பின் ஊரும் வளர்ந்தது. ஏர் ஓடிய நிலத்தில் எல்லைக்கல் முளைத்தது. கல் முளைத்த நிலத்தில் கட்டடம் எழுந்தது. கட்டடம் எழும் ஊரில் கடன் கொடுப்போரின் விளம்பரப் பலகை எழாமல் இருக்குமா? எழுந்தது. "மாதம் இவ்வளவு மட்டும்" என்று கொட்டை எழுத்தில் அழைக்கிறது.

அந்த "மட்டும்" என்ற ஒரு சொல்லைத்தான் இன்று நாம் எடுத்துக்கொள்கிறோம். உழைப்பவன் வீட்டு உலையில் இருபது ஆண்டு கைவைக்கும் சொல் அது.

தோழர் ஒருவர் நம்மிடம் வந்தார். பேருந்தில் கண்டக்டர். வாடகை வீட்டிலிருந்து வாடகை வீட்டுக்குச் சட்டி பானை சுமந்து சலித்தவர். வேங்கிக்காலில் சிறு மனை ஒன்று வாங்கியிருக்கிறார்.

"20 லட்சம் கடன் தருகிறார்களாம், அண்ணே! முக்கால் ரூபாய் வட்டிதான். வெளியில் இரண்டு ரூபாய் வட்டிக்கு வாங்கிக்கூடக் கட்டியிருக்கிறோமே! மாதம் 18,000, இருபது வருஷம். பல்லைக் கடித்துக்கொண்டு கட்டிவிடலாம்" என்றார்.

"மொத்தம் எவ்வளவு கட்டுவீர்கள்?" என்று கேட்டோம்.

விழித்தார். நாள்தோறும் டிக்கெட் பணத்தைக் கடைசிக் காசு வரை கணக்குக் காட்டி ஒப்படைக்கும் மனிதர். அவரிடம் இந்த ஒரு பெருக்கலை எவரும் கேட்டதில்லை. கடன் கொடுக்க வந்தவரும் காட்டியதில்லை.

தாளை எடுத்தோம், போட்டோம். நூற்றுக்கு மாதம் முக்கால் ரூபாய் என்றால் ஆண்டுக்கு 9 விழுக்காடு. 20 லட்சம் கடன், 240 மாதம். மாதத் தவணை 17,995 ரூபாய். மொத்தம் ஏறத்தாழ 43,18,700 ரூபாய். வாங்கியது 20 லட்சம்; வட்டி மட்டும் 23 லட்சத்துக்கு மேல்! தோழர் தமக்கு ஒரு வீடும், கடன் கொடுத்தவருக்கு ஒரு வீடும், அதற்கு மேல் ஒரு திண்ணையும் கட்டித் தருகிறார்.

இது எப்படி ஆகிறது? சூதா? சூது எதுவும் இல்லை. காலம் வேலை செய்கிறது. முதல் மாதம் 20 லட்சத்துக்கு வட்டி 15,000 ரூபாய். கட்டிய 17,995-இல் அதை எடுத்துக்கொண்டது போக, அசலில் கழிவது 2,995 ரூபாய். அடுத்த மாதமும் ஏறத்தாழ அதே கதை. முதலாண்டு முடிவில் தோழர் கட்டியிருப்பது 2,15,900 ரூபாய். அசலில் குறைந்திருப்பது 37,500 ரூபாய்கூட இல்லை. வட்டி முதல் பந்தியில் உட்கார்ந்து வயிறார உண்கிறது; அசலுக்கு மிஞ்சுவது இலையோரத்துப் பருக்கை.

மலையைச் சுற்றும் பாதை 14 கிலோமீட்டர். ஏழு கிலோமீட்டர் நடந்தவனுக்குப் பாதி வழி முடிந்தது என்ற தெம்பு வரும். கடன் பாதையில் அந்தத் தெம்பு கிடையாது. பத்தாண்டு நடந்து, 21 லட்சத்து 59 ஆயிரம் ரூபாய் கட்டிய பிறகும், அதாவது வாங்கியதைவிட அதிகமாகவே கொடுத்த பிறகும், பாக்கி 14 லட்சத்து 20 ஆயிரம் நிற்கிறது. அசலில் சரிபாதி தீர 168 மாதம் ஆகும். பதினான்கு ஆண்டு!

"அப்படியானால் தவணையைக் குறைத்து, 30 வருஷமாக்கிக் கொள்கிறேன்" என்றார் தோழர். அதையும் போட்டோம். தவணை 16,092 ஆகிறது. மாதம் 1,900 ரூபாய் மிச்சம்போலத் தெரியும். மொத்தமோ 57 லட்சத்து 93 ஆயிரம்! மாதம் 1,900 ரூபாய் இளைப்பாறுதலுக்கு விலை 14 லட்சத்து 75 ஆயிரம் ரூபாய். அதே கடனை 15 ஆண்டில் கட்டினால் தவணை 20,285. மொத்தம் 36 லட்சத்து 51 ஆயிரம். மாதம் 2,290 ரூபாய் கூடுதலாகக் கட்ட முடிந்தவனுக்கு 6 லட்சத்து 67 ஆயிரம் ரூபாய் மிஞ்சுகிறது. தவணை சிறுத்தால் சுமை பெருக்கும். இதுதான் அந்த "மட்டும்" மறைக்கும் செய்தி.

இவ்வளவும் வட்டி வீதம் இருபது ஆண்டும் அசையாமல் நின்றால். நிற்குமா? வீட்டுக்கடனில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடனை ரிசர்வ் வங்கியின் ரெப்போ வீதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு பிணைக்க வேண்டும் என்றாயிற்று. 2020 மே மாதம் ரெப்போ 4 விழுக்காடு. இரண்டாண்டு அப்படியே நின்றது. கடன் மலிவென்று பலர் வாங்கினர். 2022 மே மாதத்தில் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.5-ஐத் தொட்டது. ஒன்பது மாதத்தில் இரண்டரை விழுக்காடு!

அது உழைப்பவன் வீட்டில் என்ன செய்திருக்கும்? 7 விழுக்காட்டில் 20 லட்சம் வாங்கியவன் ஒருவனை எடுத்துக்கொள்வோம். தவணை 15,506. ஓராண்டு ஒழுங்காகக் கட்டினான். பாக்கி 19 லட்சத்து 52 ஆயிரம். கணக்கு எளிதாக இருக்க, உயர்வு முழுவதும் அன்றே வந்து வீதம் 9.5 ஆனதாகக் கொள்வோம். அம்மாத வட்டி மட்டும் 15,457 ரூபாய். கட்டும் தவணையில் அசலுக்குப் போய்ச் சேருவது 50 ரூபாய்கூட இல்லை! பழைய காலக்கெடுவுக்குள் தீரவேண்டுமானால் தவணை 18,500-க்கு மேல் ஏறவேண்டும். தவணையை ஏற்றாமல் காலத்தை நீட்டினால், மகன் தலையெடுத்தும் தீராது, பேரன் தலையில் வந்து விடியும். "தவணை மாறவில்லையே" என்று அவன் நிம்மதியாகத் தூங்கினான். மாறியது ஆயுள்!

இப்படிக் கேளாமலே காலத்தை நீட்டுகிறார்கள் என்று புகார்கள் குவிந்தன. அதன்பின்தான் 2023 ஆகஸ்ட் 18-இல் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது. வட்டி மாறினால் தவணையும் காலமும் என்ன ஆகும் என்பதைக் கடன் தரும்போதே சொல்லவேண்டும். வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரனைக் கேட்கவேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்புத் தரவேண்டும் என்றும் அப்போது சொல்லியிருந்தது. இதுவரை கட்டிய அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்ற அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தரவேண்டும். தோழர்களே, அந்த அறிக்கையை நம்மில் எத்தனை பேர் கேட்டு வாங்கிப் படித்தோம்?

ஏறியது இறங்கவும் செய்தது. 2025 பிப்ரவரியில் தொடங்கி அதே ஆண்டு டிசம்பருக்குள் ரெப்போ 5.25-க்கு வந்தது. ஏறும்போது தானே வந்து கதவைத் தட்டும் வட்டி, இறங்கும்போது நாம் போய்த் தட்டினால்தான் இறங்குவதுண்டு. பழைய முறைக் கடனில் இருப்பவர்கள் கிளைக்குச் சென்று, "என் வீதம் என்ன? புதியவருக்குத் தரும் வீதம் என்ன?" என்று கேட்கவேண்டும். கேட்பது இரப்பது ஆகாது.

இன்னும் ஓர் அநீதி. சம்பளச் சீட்டு உள்ள கண்டக்டருக்கு முக்கால் ரூபாய் வட்டி. ஊரார் வீட்டுக்கெல்லாம் சுவர் எழுப்பும் கொத்தனாருக்கோ சம்பளச் சீட்டு இல்லை. வங்கி தயங்குகிறது, அவர் வீட்டுக்கடன் நிறுவனங்களின் படியேறுகிறார். அங்கே வட்டி பெரும்பாலும் கூடுதல். 2019-இன் வெளி அளவுகோல் விதி அந்த நிறுவனங்களைக் கட்டுப்படுத்துவதும் இல்லை. வீடு கட்டும் கைக்கே வீட்டுக்கடன் விலை அதிகம்!

செலவு இத்தோடு நின்றதா? பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்துக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், பத்திரத்தை ஒப்படைத்ததற்கான பதிவுச் செலவு என்று வரிசையாக நிற்கின்றன. காப்பீடு நல்லதுதான், குடும்பத் தலைவன் மறைந்தால் குடும்பம் தெருவில் நிற்கக்கூடாது. ஆனால் 50,000 ரூபாய் காப்பீட்டுக் கட்டணத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், அதுவும் இருபது ஆண்டு வட்டி தின்று 1,07,967 ரூபாயாகிறது. இதை யார் சொன்னார்கள்?

கட்டத் தவறினால்? 2002-இல் வந்த சர்ஃபேசி சட்டம் இருக்கிறது. 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் வாராக்கடன். பிறகு 60 நாள் அறிவிப்பு. அதன்பின் நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலே வீட்டைக் கையகப்படுத்தலாம். பன்னிரண்டு ஆண்டு கட்டியவன், பதின்மூன்றாம் ஆண்டு கால் ஒடிந்து படுத்தால், சட்டத்துக்கு அந்தக் கால் தெரியாது.

நம் வரலாற்றில் ஒரு பக்கத்தைப் புரட்டுவோம். 1938-இல் சென்னை மாகாணத்தில் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. 1932 அக்டோபருக்கு முன் பட்ட கடனுக்கு, உழவன் அசலாகவும் வட்டியாகவும் சேர்த்து, வாங்கியதைப்போல் இரண்டு மடங்கு கட்டியிருந்தால், அந்தக் கடன் முழுவதும் தீர்ந்தது என்றது அச்சட்டம். இரண்டு மடங்குக்கு மேல் வாங்குவது கொடுமை என்று வெள்ளையர் ஆட்சிக் காலத்து மாகாணச் சட்டமே ஒரு கோடு கிழித்தது! இன்று 9 விழுக்காட்டில் 20 ஆண்டுக் கடன் அந்தக் கோட்டைத் தாண்டுகிறது; 30 ஆண்டுக் கடன் மூன்று மடங்கை நெருங்குகிறது. நாம் அதற்கு "எளிய தவணை" என்று பெயர் சூட்டியிருக்கிறோம்.

"பணத்தின் மதிப்புக் குறைகிறதே, இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 18,000 இன்றைய 18,000 ஆகுமா? வாடகை மிச்சமாகிறதே!" என்பர் சிலர். உண்மைதான், மறுக்கவில்லை. சம்பளம் ஆண்டுதோறும் உயர்பவனுக்குச் சுமை மெல்ல மெல்ல இலேசாகும். கந்துவட்டியோடு ஒப்பிட்டால் வங்கிக் கடன் எவ்வளவோ மேல் என்பதிலும் நமக்கு ஐயமில்லை. கடன் வாங்காதே என்று சொல்ல நாம் வரவில்லை. விலை தெரியாமல் வாங்காதே என்கிறோம். கத்தரிக்காய்க்குக் கடை கடையாய் ஏறி விலை கேட்கும் நம் தாய்மார்களின் அறிவு, வாழ்நாளின் பெரிய கொள்முதலில் எங்கே போயிற்று?

கேட்க உரிமை இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல், கடன் கொடுப்போர் கையெழுத்துக்கு முன்பே முக்கிய விவர அறிக்கை தரவேண்டும். கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வீதம், கட்டவேண்டிய மொத்தத் தொகை, மாதவாரி அசல் வட்டிப் பட்டியல் எல்லாம் அதில் உண்டு. கடன் வாங்குவோர் அறிந்த மொழியில் இருக்கவேண்டும். தமிழில் கேளுங்கள். எண்ணிப்பார்க்கக் குறைந்தது மூன்று வேலை நாள் உண்டு. அந்த மூன்று நாளில் சங்கத் தோழர் ஒருவரோடு உட்கார்ந்து பெருக்கிப் பாருங்கள்.

மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-இலேயே தடை வந்துவிட்டது. போனஸ் வந்தால், ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். நாம் போட்ட 20 லட்சம் கணக்கில் கடன் ஏறத்தாழ மூன்றரை ஆண்டு முன்னதாகவே தீர்கிறது. 4 லட்சத்து 60 ஆயிரம் ரூபாய் மிஞ்சுகிறது. கடன் தீர்ந்தபின் 30 நாளுக்குள் பத்திரம் கைக்கு வரவேண்டும். தாமதம் அவர்களுடையதானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் அவர்கள் தரவேண்டும். 2023 டிசம்பர் முதல் அது விதி.

நம் கண்டக்டர் தோழர் கணக்குத் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார். ஒரு வாரம் கழித்து வந்தார். "மாடி பிறகு பார்த்துக்கொள்ளலாம், அண்ணே. 15 லட்சம், 15 வருஷம்" என்றார். அதே வட்டியில் தவணை 15,214. மொத்தம் 27 லட்சத்து 38 ஆயிரம். வாங்குவதில் 5 லட்சம் குறைத்தார்; கட்டுவதில் 15 லட்சத்து 80 ஆயிரம் குறைந்தது. வீட்டை அவர் விடவில்லை. கண்ணைத் திறந்துகொண்டு வாசற்கால் வைக்கிறார்.

எல்லாருக்கும் மடித்த தாள் கிடைக்குமா? ஆகவே கேட்கிறோம். அறிக்கையின் உள்பக்கத்தில் ஒளிந்திருக்கும் மொத்தத் தொகை, வேங்கிக்கால் சாலைப் பலகைக்கு ஏறட்டும். "மாதம் 17,995 மட்டும்" என்று எழுதும் அதே அளவு எழுத்தில், அதன் பக்கத்திலேயே, "மொத்தம் 43,18,700" என்றும் எழுதட்டும். எழுதிய பிறகு, "மட்டும்" என்ற சொல்லை வைத்துக்கொள்ள அவர்களுக்கு மனம் வருகிறதா, பார்ப்போம்!