ஆணிக் கணக்கும் அணுக் கணக்கும்
திண்டுக்கல் நாகல்நகர்ப் பூட்டுப் பட்டறைகளுக்கு நான் ரிவிட் விற்கிறேன். "அண்ணே, அஞ்சாயிரம் குடுங்க" என்பார்கள். ஒவ்வொன்றாக எண்ணினால் பொழுது போய்விடும். நூறை மட்டும் எண்ணித் தராசில் வைப்பேன். 50 கிராம் காட்டினால், அஞ்சாயிரத்துக்கு இரண்டரை கிலோ. சைஸ் கலந்துவிட்டால் மட்டும் கணக்கு உதைக்கும்.

வேதியியலின் மோலும் இந்தக் கணக்குதான். அணுவைக் கையால் எண்ண முடியாது. நிறுத்துத்தான் எண்ண வேண்டும். ஒரு மோல் இரும்பு 56 கிராம், ஒரு மோல் தண்ணீர் 18 கிராம்: எடை வேறு, ஆனால் இரும்பின் அணுக்களும் தண்ணீரின் மூலக்கூறுகளும் எண்ணிக்கையில் சமம், 6.022 × 10²³. 2019 மே 20 முதல் மோலுக்கு இந்த எண்தான் இலக்கணம்.

ஒரு பிடி இரும்புக்குள் அத்தனை அணு! அதே எண்ணிக்கையில் என் ரிவிட் வேண்டுமென்றால், உலகம் ஓராண்டில் உருக்கும் சுமார் 190 கோடி டன் எஃகை 15 கோடி ஆண்டுகளுக்கு மேல் சேர்க்க வேண்டும்.