தாத்தா சொன்னால் சட்டமும் கேட்கும்!

குழந்தைகளே! கள்ளக்குறிச்சிக்கு மேற்கே நீண்டு கிடக்கிறது கல்வராயன் மலை. இது கிழக்குத் தொடர்ச்சி மலையைச் சேர்ந்தது. கோமுகி ஆறு பிறப்பது இங்கேதான். இங்கு வாழும் பழங்குடி மக்களை 'மலையாளிகள்' என்பார்கள். கேரளாக்காரர்கள் என்று நினைத்துவிடாதீர்கள்! மலையில் வாழ்வதால் வந்த பெயர் அது. அவர்கள் பேசுவது தமிழ்தான்.

அங்கே ஒரு கிராமத்தில் 75 வயதுத் தாத்தா ஒருவர் இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். சாமையும் கேழ்வரகும் விதைத்தவர். காட்டில் கடுக்காய் பொறுக்கியவர். பள்ளிக்கூடம் போனதில்லை. இவருக்கு என்ன பெருமை என்று கேட்கிறீர்களா? சொல்கிறேன்.

அவருடைய இளமைக் காலத்தில் இந்த மலை மூன்று ஜாகிர்தார்கள் கையில் இருந்தது. உழுகிறவர்கள் அவர்களுக்கு வரி கொடுக்க வேண்டும். கூலி இல்லாமல் வேலையும் செய்ய வேண்டும். 1976ஆம் ஆண்டில்தான் அரசு மலையை ஏற்றுக்கொண்டது. அப்போது தாத்தாவுக்கு வயது 25 இருக்கும். ஜாகிர் காலத்தைக் கண்ணால் பார்த்தவர் அவர்!

ஜாகிர் போனாலும் ஒரு கவலை போகவில்லை. பாட்டன் காலம் முதல் உழுத காட்டு நிலத்துக்குப் பலரிடம் பட்டா இல்லை. காகிதம் இல்லாதவர் எதைக் காட்டி உரிமை கேட்பது?

2006இல் வன உரிமைச் சட்டம் வந்தது. 2005 டிசம்பர் 13ஆம் தேதிக்கு முன்பிருந்தே காட்டு நிலத்தை உழுதுவரும் பழங்குடியினர் அதற்கு உரிமை கேட்கலாம். முதலில் கிராம சபையில் மனு கொடுக்க வேண்டும். பட்டா கிடைத்தால், அது கணவன், மனைவி இருவர் பெயரிலும் இருக்கும்.

ஆதாரம்? 2008இல் வந்த விதிகள் அதையும் சொல்கின்றன. பழைய வீடு, வரப்பு, கிணறு, சுடுகாடு இவையெல்லாம் ஆதாரம். ஊர்ப் பெரியவர் சொல்வதை எழுதி வைத்தால் அதுவும் ஆதாரம்! ஆனால் தன் நிலத்துக்குத் தானே சாட்சி சொல்ல முடியாது, அடுத்தவருக்குத்தான் சொல்லலாம். அது ஒன்று மட்டும் போதாது. கூடவே வேறோர் ஆதாரமும் வேண்டும்.

"இந்த வரப்பை இவன் அப்பன் போட்டான், நான் பார்த்தேன்" என்று தாத்தா சொல்வது, பக்கத்து வீட்டுக்காரரின் நிலத்தைக் காப்பாற்ற உதவலாம். ஆனால் எழுதிக்கொள்ளும் முன்பே தாத்தா மறைந்துவிட்டால், அந்தச் சாட்சியும் அவரோடு போய்விடும்.

உங்கள் வீட்டுத் தாத்தா, பாட்டிக்கும் இப்படி எத்தனையோ தெரிந்திருக்கும். இந்த ஞாயிற்றுக்கிழமை அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். கேட்டதை நோட்டில் எழுதி, தேதியும் போட்டு வையுங்கள். செய்வீர்கள்தானே?