ஒரு பூவுக்காக

கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்காக 1952-இல் நார்மன் மெக்லாரன் எடுத்த 'நெய்பர்ஸ்' எட்டே நிமிடப் படம். வசனம் கிடையாது. இரு வீட்டு எல்லையில் ஒரு பூ பூக்கிறது. யாருக்குச் சொந்தம்? வேலி, அடிதடி, கொலை. பூவைக் கேட்காத மனைவி மக்களும் பலி. கடைசியில் இருவரும் மடிகிறார்கள்.

நடிகர்களை அசைவுக்கு அசைவு நிற்கவைத்து, பிரேம் பிரேமாகப் படம்பிடித்திருக்கிறார்கள். ரயில்வேயில் விபத்து விசாரணைகளைப் பார்த்த எனக்கு உறைத்தது இதுதான்: எந்தப் பிரேமிலும் ஒருவராவது நின்றிருக்கலாம்.

குடும்பங்கள் சாகும் காட்சியை வெளிநாடுகளில் வெட்டித் திரையிட்டு, வியட்நாம் போர்க் காலத்தில் மீண்டும் சேர்த்தார்கள். நம் சண்டையின் விலையைப் பார்க்க நமக்கே கூசுகிறது.

நம் குடியிருப்புத் தண்ணீர்த் தகராறில் முதலில் நிற்பவர் நாமாக இருக்கக் கூடாதா?